எங்கள் பூத்தில் மூன்று ஓட்டு

இந்தத் தடவை வாக்குச்சாவடி எங்கள் அடுக்குமாடி சொசைட்டிக்குள்ளேயே வந்துவிட்டது. கிளப் ஹவுஸில் டேபிள் டென்னிஸ் மேசையை மடக்கிச் சுவரோரம் சாய்த்துவிட்டு, அட்டைத் தடுப்புக்குப் பின்னால் ஓட்டு இயந்திரத்தை வைத்தார்கள். புனேயின் பாணேர் பகுதியின் விளிம்பில், குன்றை ஒட்டி நிற்கும் நான்கு கட்டடங்கள் எங்களுடையவை. வெயிலில் நடக்க வேண்டாம், பள்ளிக்கூட வாசலில் வரிசையில் நிற்க வேண்டாம், லிஃப்டில் இறங்கினால் ஓட்டு என்று எல்லோருக்கும் ஒரே குதூகலம். எனக்கு மட்டும் அது பிடிக்கவில்லை.

ஓட்டு எண்ணும்போது ஒவ்வொரு பூத்தின் கணக்கும் தனியாகத் தெரியும். வேட்பாளர்களின் ஏஜெண்டுகள் உட்கார்ந்து, இந்த பூத்தில் இவருக்கு இத்தனை என்று குறித்துக்கொள்வார்கள். பள்ளிக்கூடத்தில் ஓட்டுப் போட்ட காலத்தில் பல தெருக்காரர்களின் ஓட்டு ஒன்றாகக் கலந்துவிடும். யார் என்ன செய்தார்கள் என்று ஒருவராலும் சொல்ல முடியாது. இங்கே கலப்பதற்கு வெளியாள் கிடையாது. அதிலும் பாதி வீடுகளில் ஐ.டி. வேலைக்கு வந்த பிள்ளைகள். அவர்கள் ஓட்டு சென்னையிலோ நாக்பூரிலோ கிடக்கிறது. மிச்சமிருக்கும் நாங்கள்தான் அந்த பூத். ஒரே கேட், ஒரே கிளப் ஹவுஸ், எல்லோருக்கும் எல்லோரையும் தெரியும். ரகசிய ஓட்டாம்!

என் கணவர்தான் சொசைட்டியின் செக்ரட்டரி. அதனால் தண்ணீர் பற்றிய பேச்சு எங்கள் வீட்டில் சாப்பாட்டு மேசை வரைக்கும் வரும். மேட்டில் கட்டிய கட்டடங்கள் என்பதால் மாநகராட்சிக் குழாயில் எங்களுக்கு வருவது பெரும்பாலும் காற்றுதான். டேங்கர்களை நம்பித்தான் குளியல், சமையல், எல்லாம். காலையில் கேட்டுக்கு வெளியே ஹாரன் கேட்டால்தான் பாத்திரம் தேய்க்கவே தைரியம் வரும். அந்த டேங்கர்களை அனுப்புவது ஒரு உள்ளூர்ப் பெரிய மனிதர். பெயர் சொல்லி யாரும் கூப்பிடுவதில்லை. மராத்தியில் அண்ணன் என்று பொருள்படும் 'பாவு' என்றே எல்லோரும் சொல்வார்கள். டேங்கர் விற்கும் அதே பாவுதான், ஜெயித்தால் தனியாகப் பெரிய குழாய் போட்டுத் தருகிறேன் என்று வாக்குக் கொடுத்தார். குழாய் வந்தால் டேங்கரை யார் வாங்குவார்கள் என்று ஒருவரும் அவரிடம் கேட்கவில்லை. நான் வீட்டில் கேட்டேன். "அவர் மனசு வெச்சாத்தான் வரும். நீ கம்முனு இரு" என்றார் என் கணவர்.

இந்த ஊர்த் தேர்தலே விசித்திரம்தான். கோயமுத்தூரில் ஒரு வார்டுக்கு ஒரு கவுன்சிலர். திட்டுவதென்றால் யாரைத் திட்டுவது என்று தெரியும். இங்கே வார்டுக்குப் பிரபாக் என்று பெயர், ஒரு பிரபாக்குக்கு நான்கு கவுன்சிலர்கள். நாமும் நான்கு ஓட்டுப் போட வேண்டும். நான்கு பேர் இருப்பதால் குப்பையோ தண்ணீரோ எதைக் கேட்டாலும் ஒவ்வொருவரும் மற்ற மூவரைக் கைகாட்டிவிடலாம். அந்த வசதியும் போதாமல் நடுவில் சில வருடங்கள் தேர்தலே நடக்கவில்லை. அதிகாரிகளிடம் போனால் உங்கள் கவுன்சிலரிடம் சொல்லுங்கள் என்பார்கள். கவுன்சிலரே இல்லையே என்றால், அதற்கு நாங்கள் என்ன செய்ய என்பார்கள்.

பாவு நிற்க நினைத்த இடம் இட ஒதுக்கீட்டுக் குலுக்கலில் பெண்களுக்குப் போய்விட்டது. அவர் கலங்கவே இல்லை, மனைவியை நிறுத்தினார். சுவரொட்டிகளில் அந்த அம்மாள் கைகூப்பிக்கொண்டு நிற்க, பின்னால் இரண்டு மடங்கு பெரிதாக இவர் சிரித்துக்கொண்டிருந்தார். சங்கராந்தி மஞ்சள் குங்குமத்துக்கு அந்த அம்மாள் எங்கள் சொசைட்டிக்கு வந்தாள். எல்லாப் பெண்களுக்கும் குங்குமம் இட்டு, எள்ளுருண்டை கொடுத்து, ஒரு எவர்சில்வர் டப்பாவும் தந்தாள். ஒரு வார்த்தை பேசவில்லை. எனக்குப் பாவமாகத்தான் இருந்தது.

அதே இடத்துக்குத்தான் எங்கள் எதிர் வீட்டு அக்கா சுயேச்சையாக மனுப் போட்டாள்.

அவளை அக்கா என்று கூப்பிடுகிறேனே தவிர எங்களுக்குள் உறவு ஒன்றும் இல்லை. அவள் அப்பா தொழிற்சாலை வேலைக்காக வந்து, புனேயை ஒட்டிய நிக்டியில் குடியேறியவர்; அவள் பிறந்தது வளர்ந்தது எல்லாம் அங்கேதான். அவள் மராத்தியைக் கேட்டால் காய்கறிக்காரர் அவளைத் தமிழச்சி என்று நம்பமாட்டார். தமிழைத்தான் இந்தியும் மராத்தியும் கலந்து, தடுக்கித் தடுக்கிப் பேசுவாள். நான் கோயமுத்தூரிலிருந்து வந்த புதிதில் எனக்கு இந்தியில் எண்ணக்கூடத் தெரியாது. கேஸ் கனெக்‌ஷன், பிள்ளையின் பள்ளிக்கூடம், பல் டாக்டர் என்று எங்கே போனாலும் எனக்காக வாயைத் திறந்தவள் அவள்தான். புனேயில் எனக்கென்று ஒருத்தி உண்டென்றால் அது அவள்.

போன கோடையில் பாவுவின் டேங்கர்கள் சொல்லாமல் கொள்ளாமல் நின்றுபோயின. ஏதோ கல்யாண மண்டபத்துக்குத் திருப்பிவிட்டார்கள் என்று பின்னால் தெரிந்தது. நாற்றம் பிடித்த அந்த நாட்களில் அக்கா ஒவ்வொரு அலுவலகமாக ஏறி இறங்கினாள். கேட்க வேண்டியவர்கள் யாரும் கேட்கவில்லை. அந்தக் கோபம் அவளுக்கு ஆறவே இல்லை. தேர்தல் அறிவித்ததும் நேராக என் சமையலறைக்கு வந்து நின்றாள்.

"தேக், இங்க பாரு, நான் ஜெயிக்க மாட்டேன். அது எனக்கு மாலூம்" என்றாள். "ஆனா நம்ம பூத்ல எனக்கு நாலு ஓட்டு விழணும். நான், இவரு, பொண்ணு, அப்புறம் நீ."

"நாலு ஓட்டை வெச்சுக்கிட்டு என்னக்கா பண்ணுவீங்க?"

"வீட்டு ஆளுங்க போட்டா அது வீட்டு ஓட்டு. அது எல்லாருக்கும் விழும். நீ போட்டாத்தான் அது பப்ளிக். வெளியாளு ஒருத்தி என்னை நம்பிப் போட்டான்னா, நான் நின்னதுக்கு ஒரு மத்லப், ஒரு அர்த்தம் இருக்குல்ல?"

"போடறேன்க்கா" என்றேன். அதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று அப்போது தோன்றியது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை கிளப் ஹவுஸில் கூட்டம். பாவு வந்திருந்தார். மாலை, சமோசா, கைதட்டல் எல்லாம் உண்டு. அக்காவின் கணவரும் கடைசி வரிசையில் ஓரமாக உட்கார்ந்திருந்தார். வேட்பாளரின் கணவரை எழுந்து போகச் சொல்ல யாருக்கும் வாய் வரவில்லை. அவர் எப்போதுமே அப்படித்தான். அதிர்ந்து பேசாத மனிதர், அந்த வீட்டில் காபி போடுவதுகூட அவர்தான். என் கணவர் மைக்கைப் பிடித்து, தனக்குத் தெரிந்த மராத்தியில், "எங்கள் பூத்தில் உங்களுக்கு எதிராக அவர்கள் வீட்டு ஓட்டு மூன்று விழும். அதற்கு மேல் ஒன்று விழாது. இது என் வார்த்தை" என்று சொன்னார். எல்லோரும் தட்டினார்கள். என் உடம்பெல்லாம் எரிந்தது. சந்தையில் மாட்டைப் பிடித்துக் கொடுப்பதுபோல் அத்தனை பேரையும் சேர்த்துப் பிடித்துக் கொடுத்துவிட்டு வந்து உட்கார்ந்தார் மனிதர்.

வீட்டுக்கு வந்ததும் பிடித்துக்கொண்டேன். "ஊரார் ஓட்டையெல்லாம் நீங்க எப்படிங்க தூக்கிக் குடுக்கறீங்க? உங்க பாக்கெட்லயா வெச்சிருக்கீங்க?"

"தண்ணிக்காகச் சொன்னேன். எனக்கென்ன ஆசையா?"

"என் ஓட்டு?"

அவர் சட்டையைக் கழற்றிக் கொடியில் போட்டார். அவசரமே படவில்லை. "நாலாவதா ஒண்ணு விழுந்தா அது யாருன்னு தேடுவாங்க. அவகூட ஒட்டிக்கிட்டுத் திரியறது யாருன்னு இந்த சொசைட்டிக்கே தெரியும். செக்ரட்டரி வீட்டு ஓட்டே மாறிப் போச்சுன்னா நான் எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டுப் போய் நிக்கறது? அந்தக் குழாய் பக்கத்து சொசைட்டிக்குப் போயிரும். அப்புறம் எல்லாரும் நம்ம கதவைத்தான் தட்டோணும்."

அவர் சொன்னது பொய்யில்லை. அதுதான் எனக்கு ஆத்திரம். மிரட்டியிருந்தால் எதிர்த்து நின்றிருப்பேன். இது மிரட்டலும் இல்லை. உள்ளதைச் சொன்னார், அவ்வளவுதான். அன்றிலிருந்து எதிர் வீட்டுக் கதவு திறந்தால் ஒரு பயம், என் வீட்டுக் கதவு திறந்தால் இன்னொரு பயம்.

ஓட்டுப் போடும் நாளில் நானும் அவரும் சேர்ந்துதான் இறங்கினோம். விரலில் மை வைத்துக்கொண்டு தடுப்புக்குப் பின்னால் போனேன். நான்கு இடத்துக்கும் நான்கு நிறத்தில் தாள் ஒட்டியிருந்தது. நான்கும் அமுக்காமல் வெளியே வர முடியாது; அமுக்காமல் வந்த ஒரு பெரியவரை அதிகாரி, "ஐயா, இன்னும் ரெண்டு பாக்கி" என்று திரும்ப உள்ளே அனுப்பிக்கொண்டிருந்தார். வெள்ளைத் தாளில் ஏதோ ஒன்றை அமுக்கினேன். அடுத்தது ரோஸ் தாள். அதில்தான் பாவுவின் மனைவி, அக்கா எல்லோரும். அக்காவுக்குத் தையல் மெஷின் சின்னம். தடுப்புக்கு அந்தப் பக்கம் என் கணவர் யாருடனோ சிரித்துப் பேசும் குரல் கேட்டது. தையல் மெஷினுக்கு எதிரே இருந்த பொத்தானை அமுக்கினேன். சிவப்பு விளக்கு எரிந்ததைப் பார்த்தேன். இதை ஏன் இத்தனை விவரமாகச் சொல்கிறேன் என்றால், பின்னால் இதை நான் யாரிடமும் சொல்ல முடியாமல் போனது. மஞ்சள், நீலம் இரண்டையும் அமுக்கி, இயந்திரம் நீளமாகக் கூவி முடித்ததும் வெளியே வந்தேன். மனம் லேசாக இருந்தது.

எண்ணும் நாளில் அக்காவின் மகள் அம்மாவுக்கு ஏஜெண்டாக மையத்துக்குப் போயிருந்தாள். ஐ.டி.யில் வேலை பார்க்கும் பெண், இதற்காக லீவு போட்டிருந்தாள். நான் அக்கா வீட்டு ஹாலில் அவளோடு உட்கார்ந்திருந்தேன். சமையலறையில் அவள் கணவர் காபி கலந்துகொண்டிருந்தார். சாலைக்கு அந்தப் பக்கத்து வஸ்தியில், அந்தக் குடிசைப் பகுதியில், அக்காவுக்கு ஓரளவு நல்ல ஓட்டே விழுந்திருந்தது. அவள் முகம் மலர்ந்திருந்தது. அப்போது மகளின் போன் மறுபடியும் வந்தது. அக்கா ஸ்பீக்கரில் போட்டாள்.

"மா, நம்ம பூத் முடிஞ்சுது. மூணு."

"மூணா? சரியாப் பாத்தியா?"

"ரெண்டு தடவ பாத்தேன் மா. நான், நீ, அப்பா. அவ்ளோதான்." சற்றுத் தயங்கி, "ஆன்ட்டி போடல போல" என்றாள் அந்தப் பெண். நான் அங்கே உட்கார்ந்திருப்பது அவளுக்குத் தெரியாது.

அக்கா போனை அணைத்தாள். என்னைப் பார்க்கவில்லை. லிஃப்டில் அவளிடம் ஆல் தி பெஸ்ட் சொன்னவர்களில் ஒருவர்கூடப் போடவில்லை என்பது ஒரு பக்கம் இருக்கட்டும். எனக்கு உடனே ஓடியது வேறு கணக்கு. அவள் ஓட்டு ஒன்று, என் ஓட்டு ஒன்று. மகளா கணவரா, இருவரில் ஒருவர் போடவில்லை. லீவு போட்டு ஏஜெண்டாகப் போன பெண்ணாக இருக்க முடியாது.

"அக்கா, நான்..." என்று ஆரம்பித்தேன். அந்த நேரம் பார்த்து அவர் காபித் தட்டோடு வந்தார். குனிந்த தலை நிமிரவில்லை. நான் போட்டேன் என்று சொல்லி முடித்தால் அந்த வாக்கியம் நேராகப் போய் அவர் மேல்தான் விழும். முப்பது வருடத் தாம்பத்தியம். வாயை மூடிக்கொண்டேன். வாயை மூடியது நானே ஒப்புக்கொண்டது மாதிரி ஆகிவிட்டது.

"காபி எடுத்துக்கோ" என்றாள் அக்கா. விருந்தாளியிடம் பேசும் குரல் அது. அதுவரை என்னிடம் அந்தக் குரலில் அவள் பேசியதில்லை.

எங்கள் வீட்டில் அன்று கொண்டாட்டம். பாவுவின் மனைவி ஜெயித்துவிட்டாள், கேட்டில் பட்டாசு வெடித்தார்கள். என் கணவர் ஜிலேபி வாங்கி வந்து, என் வாயருகே நீட்டினார். "மூணேதான்! சொன்னனில்ல? நீ புரிஞ்சுக்குவேன்னு எனக்குத் தெரியும்" என்றார். அவர் கண்ணில் உண்மையான நன்றி இருந்தது. நான் உங்கள் பேச்சைக் கேட்கவில்லை என்று கத்த வேண்டும்போல் இருந்தது. கத்தினால் அது எதிர் வீடுவரை கேட்கும். ஜிலேபியை வாங்கித் தின்றேன்.

சில நாள் கழித்து, கேட்டருகே காய்கறி வண்டியில் நான் வெண்டைக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தபோது அக்காவின் கணவர் பக்கத்தில் வந்து நின்றார். கொஞ்ச நேரம் தக்காளியைப் புரட்டினார். பிறகு மெல்ல, "நீங்க போட்டீங்கன்னு எனக்குத் தெரியும்மா" என்றார்.

"எப்படிச் சார் தெரியும்?" என்று கேட்டேன். அவர் வாயால் வரட்டும் என்றுதான்.

"அன்னிக்கு மீட்டிங்ல உங்க வீட்டுக்காரர் மூணுன்னு வாக்குக் குடுத்துட்டாரு. நாலு விழுந்தா உங்க மேலதான் பாய்வாங்க. அதான் என் ஓட்டை அந்தப் பக்கம் போட்டுட்டேன். மூணுக்கு மூணு சரியாப் போச்சு. உங்களுக்குப் பிரச்சினை வரக்கூடாதுன்னுதான்."

"உங்களை யார் சார் கேட்டாங்க?" என்றேன். காய்கறிக்காரர் நிமிர்ந்து பார்க்கும் அளவுக்குக் குரல் உயர்ந்துவிட்டது.

"நீங்க அவகிட்ட சொல்லணும்னா சொல்லிடுங்க. நான் தடுக்கல" என்றார். தக்காளி வாங்காமலே போய்விட்டார்.

எனக்காகச் செய்தாரா, டேங்கருக்குப் பயந்து செய்தாரா, இல்லை மனைவி கவுன்சிலர் ஆகி வீடு தலைகீழாகிவிடுமோ என்று செய்தாரா, இன்றைக்கும் எனக்குத் தெரியாது. மூன்றும் கொஞ்சம் கொஞ்சம் இருந்திருக்கலாம். சொல்லிவிடுங்கள் என்று முடிவை என் கையிலேயே கொடுத்துவிட்டுப் போனாரே, அதைத்தான் மன்னிக்க முடியவில்லை. சொன்னால் எனக்கு அக்கா திரும்பக் கிடைப்பாள். அவளுக்கு வீட்டில் இருப்பவர் போய்விடுவார். சொல்லாவிட்டால் அவளை நம்பி ஒரு வெளியாள்கூடப் போடவில்லை என்றே அவள் காலம் முழுக்க நினைத்துக்கொண்டிருப்பாள். அவள் நின்றதற்கு அர்த்தம் இருந்தது என்று தெரிந்த ஒரே வெளியாள் நான், என் வாய்க்குத்தான் பூட்டு. எத்தனையோ காலை அவள் கதவுவரை போய், மணியை அழுத்தாமல் திரும்பியிருக்கிறேன்.

கடைசியில் அவளே கூப்பிட்டாள். ஒரு சாயங்காலம் கதவைத் திறந்து, "அரே, உள்ள வா. எத்தன நாள் இப்படியே மூஞ்சி திருப்பிக்கிட்டு இருக்கறது?" என்றாள். உள்ளே போய் உட்கார்ந்தேன். அவர் ஜன்னலருகே உட்கார்ந்து செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார்.

அக்கா என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "தேக், நான் சண்டை போடல. உன் வீட்டுக்காரர் செக்ரட்டரி. உன் நிலைமை எனக்குப் புரியுது. ஆனா நீ ஒண்ணுமே சொல்லாம இருக்கறதுதான் எனக்குக் கஷ்டமா இருக்கு. ஒரே ஒரு தடவ உன் வாயால சொல்லிடு. போட்டியா, போடலயா?"

நான் ஜன்னல் பக்கம் பார்த்தேன். செய்தித்தாள் அசையவில்லை. அவர் முகம் அதற்குப் பின்னால் இருந்தது. அந்த மனிதர் தாளை இறக்கி ஒரு வார்த்தை சொல்லுவார் என்று காத்திருந்தேன். சத்தியமாகக் காத்திருந்தேன்.

"போடலைக்கா" என்றேன். "மன்னிச்சுக்குங்க."

அவள் பெருமூச்சு விட்டாள். கோபமே இல்லை, பாரம் இறங்கியவள்போல் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "டென்ஷன் எடுக்காதே. இவரு அன்னிக்கே சொன்னாரு, அவளைக் குத்தம் சொல்லாதே, கடைசி நிமிஷத்துல பயந்துருப்பான்னு. நான்தான் கேக்கல."

எனக்குக் கண்ணில் நீர் முட்டிக்கொண்டு வந்தது. வெட்கப்பட்டு அழுகிறேன் என்று நினைத்து அவள் என் முதுகைத் தடவிக்கொடுத்தாள். தாளுக்குப் பின்னால் அவர் ஒரு பக்கத்தைத் திருப்பினார்.

"விடு. அடுத்த தடவ நான் நின்னா போடுவியா?" என்று கேட்டாள்.

"போடுவேன்க்கா" என்றேன். அவள் சிரித்தாள். அவள் நம்பவில்லை.